கோப்பு நகர்ந்தது, பதவி வரவில்லை



1995ஆம் ஆண்டு கர்நாடக அரசின் துறைச் செயலாளர் ஒருவருக்கு உச்ச நீதிமன்றம் ஒரு மாதச் சிறைத் தண்டனை விதித்தது. அது லஞ்ச வழக்கு அல்ல, நில மோசடியும் அல்ல. பெங்களூரு மாநகராட்சியில் பணியாற்றிய ஒரு பொறியாளருக்குச் சேர வேண்டிய பணி உரிமையை வழங்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டிருந்தது. அரசு அதைச் செய்யாமல் இழுத்தடித்தது. நீதிபதிகள் கே.ராமசாமி, பி.எல்.ஹன்சாரியா அமர்வு பொறுமை இழந்து, வீட்டு வசதி, நகர வளர்ச்சித் துறையின் செயலாளராக இருந்த ஐ.ஏ.எஸ். அதிகாரி ஜே.வாசுதேவனை நீதிமன்ற அவமதிப்புக் குற்றவாளி எனத் தீர்மானித்தது. டி.ஆர்.தனஞ்ஜெயா எதிர் ஜே.வாசுதேவன் என்ற அந்தத் தீர்ப்பு இன்றைக்கும் அரசு அலுவலகங்களில் ஒரு கதையாக உலவுகிறது. சங்கக் கூட்டங்களில் இதைச் சொன்னால் கைதட்டல் நிச்சயம்.

அந்தக் கைதட்டலுக்குப் பின்னால் ஒரு மயக்கம் இருக்கிறது. கையில் சாதகமான தீர்ப்பு இருந்தால் போதும், துறை மறுத்தால் “கன்டெம்ப்ட் போட்டுவிடலாம்”, அதிகாரி ஓடி வந்து பதவி உயர்வைக் கையில் கொடுத்துவிடுவார் என்று பல ஊழியர்கள் நம்புகிறார்கள். வாசுதேவன் வழக்கு விதிவிலக்கு. விதி எப்படி இருக்கிறது என்பதுதான் இன்றைய பேச்சுக்குப் பொருள்.

நீதிமன்ற அவமதிப்பு என்றதும் செய்தித்தாள் வாசகர் நினைவுக்கு வருவது நீதிபதிகளை விமர்சித்தவர்கள் மீதான வழக்கு. 2020இல் வழக்கறிஞர் பிரசாந்த் பூஷணுக்கு ஒரு ரூபாய் அபராதம் விதிக்கப்பட்டதை நாடே விவாதித்தது. எண்ணிக்கையைப் பார்த்தால் கதை வேறு. சட்ட ஆணையம் 2018இல் அளித்த 274ஆவது அறிக்கையின்படி, உயர் நீதிமன்றங்களில் நிலுவையில் இருந்த குற்றவியல் அவமதிப்பு வழக்குகள் 568. உரிமையியல் அவமதிப்பு வழக்குகள் 96,310. முதல் வகை நீதிமன்றத்தின் மரியாதை பற்றியது. இரண்டாவது வகை, உத்தரவு போட்டும் நடக்கவில்லை என்ற புகார். இந்த இரண்டாவது வகையில்தான் பதவி உயர்வு, பணிமூப்பு, ஓய்வூதியம், பணிவரன்முறை, தற்காலிகப் பணிநீக்கம் என்று அரசு ஊழியர்கள் தங்கள் தீர்ப்பு நகலோடு காத்து நிற்கிறார்கள். தொலைக்காட்சி விவாதம் 568இன் பக்கம், கூட்டம் 96,310இன் பக்கம்.

1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் மிகச் சிறியது. உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பதும் உரிமையியல் அவமதிப்பு. அதிகபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். அந்த 2,000 ரூபாய் 1971இல் எழுதப்பட்டது. இன்றும் அதே தொகைதான். மன்னிப்புக் கேட்டு அது நீதிமன்றத்துக்குத் திருப்தியாக இருந்தால் தண்டனையைக் கைவிடலாம். நிபந்தனையோடு கேட்ட மன்னிப்பு என்பதாலேயே, உண்மையாகக் கேட்டதைத் தள்ளிவிடக் கூடாது என்றும் சட்டம் சொல்கிறது. ஆக, அதிகாரியை அசைப்பது அபராதம் அல்ல. நீதிமன்றக் கூண்டருகே தன் பெயரைச் சொல்லி அழைப்பார்கள் என்பதுதான் அசைக்கிறது. உரிமை கேட்டு முதலில் போடும் ரிட் மனுவில் எதிர்மனுதாரர் ‘செயலாளர்’, ‘இயக்குநர்’, ‘மாவட்ட ஆட்சியர்’ என்று பதவியாக இருப்பார். அவமதிப்பு மனுவிலோ அவர் பெயருள்ள மனிதராகிவிடுகிறார். அன்றைக்கு வரை தூங்கிய கோப்பு அன்று மாலையே மேசை மாறுகிறது.

மாறுகிறது என்பது உண்மை. எந்தத் திசையில் என்பதுதான் கேள்வி.

வருவாய்த் துறையில் ஓர் உதவியாளர் இருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். துணை வட்டாட்சியர் பதவி உயர்வுப் பட்டியலில், அலுவலக வழக்கில் சொன்னால் ‘பேனலில்’, அவர் பெயர் விடுபட்டுப் போனது. இளையவர் இருவர் மேலே போய்விட்டார்கள். அவர் உயர் நீதிமன்றம் போகிறார். ‘மனுதாரரின் கோரிக்கையைப் பன்னிரண்டு வாரங்களுக்குள் சட்டப்படி பரிசீலித்து ஆணை பிறப்பிக்க வேண்டும்’ என்று உத்தரவு வருகிறது. வீட்டில் இனிப்பு. பன்னிரண்டு வாரம் முடிகிறது, இருபது வாரம் ஆகிறது, பதில் இல்லை. வழக்கறிஞர் நோட்டீஸ் அனுப்புகிறார். பிறகு அவமதிப்பு மனு. நீதிமன்றத்தில் அரசு வழக்கறிஞர் இரண்டு வாரம் அவகாசம் கேட்கிறார். அடுத்த வாய்தாவில் ஒரு தாளை நீட்டுகிறார்: ‘கோரிக்கை பரிசீலிக்கப்பட்டது, விதிகளின்படி ஏற்க இயலவில்லை எனத் தெரிவிக்கப்படுகிறது.’ உத்தரவு நிறைவேற்றப்பட்டதாகப் பதிவு செய்து அவமதிப்பு மனு முடித்து வைக்கப்படுகிறது. அவர் வெளியே வரும்போது கையில் இருப்பது ஒரு ‘ஸ்பீக்கிங் ஆர்டர்’, அதாவது காரணம் சொல்லும் ஆணை. இரண்டு வருடத்துக்கு முன் எங்கே நின்றாரோ அங்கேயே நிற்கிறார். இளையவர்கள் மட்டும் இன்னும் ஒரு படி ஏறியிருப்பார்கள்.

இதற்கு நீதிபதியைக் குறை சொல்லிப் பயனில்லை. பதவி உயர்வு பெறுவது உரிமை அல்ல, பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதே உரிமை என்பது பல பத்தாண்டுகளாக நிலைத்துவிட்ட சட்டம். மைசூர் மாநிலம் எதிர் சையத் மஹ்மூத் வழக்கில் 1968இலேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: பரிசீலிக்காமல் விட்டது தவறென்றால் பரிசீலிக்கச் சொல்ல வேண்டும், அரசின் இடத்தில் உட்கார்ந்து நீதிமன்றமே பதவி உயர்வு கொடுத்துவிடக் கூடாது. தகுதியைத் தீர்மானிக்க வேண்டியது துறையின் குழு. கொள்கையாக இதில் பிழை காண முடியாது. ஆனால் இந்தக் கொள்கையின் நிழலில் ஒரு பழக்கம் வளர்ந்துவிட்டது. வழக்கின் உண்மைகளுக்குள் போகாமலே, யாருக்கும் நஷ்டமில்லாத சின்ன உத்தரவாகக் ‘கோரிக்கையைப் பரிசீலிக்கவும்’ என்று எழுதி அனுப்புவது.

இந்தப் பழக்கத்தை உச்ச நீதிமன்றமே 2008இல் ஒரு தமிழ்நாட்டு வழக்கில் கடிந்துகொண்டது. புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982இல் வேலை இழந்த ஒருவர், ஏறத்தாழ பதினெட்டு ஆண்டு கழித்துத் துறைக்கு ஒரு மனு கொடுத்தார். அதைப் பரிசீலிக்கும்படி உத்தரவு வாங்கினார். துறை நிராகரித்தது. அந்த நிராகரிப்பையே புதிய வழக்காக்கினார். செத்துப்போன கோரிக்கைக்கு இப்படி உயிர் வராது என்றது நீதிமன்றம். சி.ஜேக்கப் வழக்கு என்று அது சட்டப் புத்தகங்களில் இருக்கிறது. அதற்கு இரண்டு ஆண்டு முன்னர் ஆந்திர அரசுப் போக்குவரத்துக் கழக வழக்கிலும் நீதிமன்றம் ஒன்றைச் சொல்லியிருந்தது. உரிமையைத் தீர்மானித்துவிட்டு, அதன்படி பரிசீலிக்கச் சொல்வது ஒரு வகை. எதையும் தீர்மானிக்காமல் பரிசீலிக்கச் சொல்வது இன்னொரு வகை. முதல் வகையில் துறைக்கு எல்லை உண்டு. இரண்டாம் வகையில் இல்லை. தன் கையில் இருப்பது எந்த வகை உத்தரவு என்று தெரியாமல் அவமதிப்பு மனு போடுகிறவர்தான் ஏமாந்து போகிறார்.

சரி, துறை தவறாகவே நிராகரித்துவிட்டது. அதை அவமதிப்பு நீதிமன்றம் பார்க்காதா? பெரும்பாலும் பார்க்காது. ராஜஸ்தானிலிருந்து வந்த ஜே.எஸ்.பரிஹார் வழக்கு, 1996. பணிமூப்புப் பட்டியலை நீதிமன்றம் சொன்னபடி தயாரிக்கவில்லை என்பது புகார். அரசு ஒரு பட்டியல் போட்டது; அது சரியா தவறா என்பது வேறு சண்டை. உத்தரவின் அடிப்படையில் அரசு ஓர் ஆணை பிறப்பித்துவிட்டால், அந்த ஆணை தவறாகவே இருந்தாலும் அது புதிய வழக்குக்கான காரணமே தவிர வேண்டுமென்றே செய்த மீறல் ஆகாது என்றது உச்ச நீதிமன்றம். அரசு வழக்கறிஞர்களுக்கு இந்தத் தீர்ப்பு மனப்பாடம்.

எல்லையின் மறுபக்கமும் இருக்கிறது. ஓ.என்.ஜி.சி.யில் கடல்சார் உதவி ரேடியோ இயக்குபவர்களாக வேலை பார்த்தவர்கள் சென்னை உயர் நீதிமன்றத்தில் வென்றார்கள். நிர்வாகம் அதை நிறைவேற்றிய விதத்தில் அவர்களுக்குத் திருப்தி இல்லை. அவமதிப்பு மனுவில் உயர் நீதிமன்றம் ஒரு படி முன்னே போய், அவர்களுக்காகக் கூடுதல் பணியிடங்களையே உருவாக்கும்படி சொன்னது. 2014இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. மூலத் தீர்ப்பில் இல்லாத ஒன்றை அவமதிப்பு வழக்கில் சேர்த்துக் கொடுக்கக் கூடாது என்பதே காரணம். உயர் நீதிமன்றத்தின் மனம் அந்த ஊழியர்கள் பக்கம் இருந்திருக்கலாம். மூலத் தீர்ப்பில் அந்த வரி இல்லை.

இங்கே ஒரு கடினமான கருத்தைச் சொல்லித்தான் ஆக வேண்டும். அவமதிப்பு மனுவின் வெற்றியும் தோல்வியும் அந்த மனுவில் தீர்மானமாவதில்லை. ஓராண்டுக்கு முன்பு, ரிட் மனுவின் கடைசிப் பக்கத்தில், என்ன நிவாரணம் கேட்டோம் என்ற பத்தியில் தீர்மானமாகிவிடுகிறது. ‘உரிய ஆணை பிறப்பிக்க’ என்று கேட்டவருக்கு உரிய ஆணை எதுவென்று அதிகாரி முடிவு செய்வார். ‘எந்த ஆண்டின் பட்டியலில், எந்த நாளை அடிப்படையாகக் கொண்டு, யாருக்கு மேலே’ என்று கேட்டு அதற்கு நீதிமன்றத்தின் விடையையும் வாங்கியவருக்கு எதிராக ஸ்பீக்கிங் ஆர்டர் எழுதுவது அவ்வளவு எளிதல்ல. வழக்கறிஞர்களில் பலர் இதைச் செய்வதில்லை. வழக்கு சீக்கிரம் முடியட்டும் என்று பரிசீலனை உத்தரவோடு ஒதுங்குகிறார்கள். கட்சிக்காரருக்கும் ‘ஜெயித்துவிட்டோம்’ என்று கேட்க நன்றாகத்தான் இருக்கிறது.

இனி நாட்காட்டி விஷயம். அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்க வேண்டும் என்கிறது சட்டத்தின் 20ஆவது பிரிவு. ஓராண்டுக்குள் மனு தாக்கலாகிவிட்டால் போதும் என்று 2001இல் பல்லவ் சேத் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. துறை அலுவலர்களும் இந்த ஓராண்டை அறிவார்கள். ‘தங்கள் கோரிக்கை அரசின் பரிசீலனையில் உள்ளது’ என்று ஆறு மாதத்துக்கு ஒரு கடிதம் வந்தால் ஊழியர் நம்பிக் காத்திருப்பார். பதினான்காவது மாதத்தில் விழித்துக்கொள்வார்.

நேரத்துக்கு மனு போட்டவருக்குக் காத்திருப்பது வேறொன்று. அவமதிப்பு நோட்டீஸ் கிடைத்த பிறகுதான் துறைக்கு மேல்முறையீட்டு நினைவு வரும். முந்நூறு நாள் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு ரிட் அப்பீல் தாக்கலாகும். எண்கூட இட்டிருக்காது, ‘எஸ்.ஆர். ஸ்டேஜ்’ என்பார்கள். மேல்முறையீடு தாக்கல் செய்ததாலேயே உத்தரவு நின்றுவிடாது; தடையாணை வேண்டும். ஆனால் தடை கோரும் மனு நிலுவையில் இருக்கும்போது முதலில் அதை முடித்துவிட்டு அவமதிப்பைப் பார்ப்பதே நல்லது என்று மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. இந்த இடைவெளியில் செயலாளர் மாறிவிடுவார். புதியவர் வந்து, உத்தரவு வந்தபோது தான் இந்த நாற்காலியில் இல்லை என்பார். அதுவும் உண்மைதான். ஊழியருக்கோ ஓய்வு வயது காத்திருக்காது. ஓய்வுக்குப் பிறகு வரும் பதவி உயர்வு பெரும்பாலும் ‘நோஷனல்’: தாளில் பதவி, ஓய்வூதியத்தில் சிறு கூடுதல், நாற்காலியில் ஒரு நாளும் உட்காராமல்.

சட்டத்தின் 19ஆவது பிரிவில் ஒரு பக்கச் சாய்வும் உண்டு. தண்டிக்கப்பட்ட அதிகாரிக்கு மேல்முறையீடு உரிமை. தண்டிக்க மறுத்தால் ஊழியருக்கு அந்த உரிமை இல்லை. உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதியைத்தான் நாட வேண்டும். துப்புரவுப் பணியாளர் ஒருவரின் பணிவரன்முறை வழக்கில், 2023இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை பள்ளிக்கல்வித் துறையின் முன்னாள் செயலாளர் உள்ளிட்ட மூவருக்கு இரண்டு வாரச் சிறை விதித்தது. செய்தி முதல் பக்கத்தில் வந்தது. மேல்முறையீட்டில் அது நிறுத்தி வைக்கப்பட்டது உள்பக்கத்தில் வந்தது.

ஒழுங்கு நடவடிக்கை வழக்குகளின் குணம் சற்றே வேறு. 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 17(அ), 17(ஆ) என இரு வழிகள். முதலாவதில் விளக்கம் கேட்டுவிட்டுக் கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம் போன்ற சிறு தண்டனைகள். இரண்டாவதில் விசாரணை அலுவலர், சாட்சிகள், விசாரணை அறிக்கை எனக் கடந்து பதவியிறக்கம், பணியறவு, பணிநீக்கம் வரை போகலாம். ‘செவன்டீன் பி’ என்று சொன்னால் எந்த அலுவலகத்திலும் ஒரு நொடி பேச்சு நிற்கும். காரணம், கடைசியில் கிடைக்கும் தண்டனை மட்டுமல்ல. பதவி உயர்வுப் பட்டியல் தயாராகும் நேரத்தில் குற்றச்சாட்டுக் குறிப்பாணை நிலுவையில் இருந்தாலே பெயர் தள்ளிப்போகும். ஐந்து ஆண்டு கழித்து ‘குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை’ என்று வந்தாலும் அந்த ஐந்து பட்டியல்கள் போனவை போனவைதான். விசாரணையே தண்டனையாகிவிடுகிறது.

நீதிமன்றங்கள் இதை உணராமல் இல்லை. மத்திய அரசுப் பணியில், நடவடிக்கைக்கு உள்ளானவரின் பதவி உயர்வு முடிவை மூடி வைக்கும் முத்திரையிட்ட உறை முறையைப் பற்றிய ஜானகிராமன் வழக்கில், 1991இல், உச்ச நீதிமன்றம் ஒரு கோடு போட்டது. குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்த பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாகக் கொள்ள முடியும். பூர்வாங்க விசாரணை நடக்கிறது என்று சொல்லி ஒருவரின் பதவி உயர்வை உறையில் வைத்து மூடக் கூடாது. முற்றாக விடுவிக்கப்பட்டவர் வேலை செய்யத் தயாராக இருந்தும் துறைதான் தடுத்தது என்றால், வேலை செய்யாதவருக்குச் சம்பளமில்லை என்ற வாதத்தை அவரிடம் அப்படியே நீட்ட முடியாது என்றும் சொன்னது. தமிழ்நாடு வீட்டு வசதி வாரியத்தின் மேற்பார்வைப் பொறியாளர் ஒருவருக்கு 1990இல் நடந்ததாகச் சொல்லப்பட்ட முறைகேட்டுக்காக 2000இல் குறிப்பாணை கொடுக்கப்பட்டது. அந்தப் பத்தாண்டுத் தாமதத்துக்கு வாரியம் ஏற்கத்தக்க விளக்கம் தரவில்லை என்று 2005இல் உச்ச நீதிமன்றம் குறிப்பாணையையே ரத்து செய்தது. 2015இல் இரண்டு தீர்ப்புகள். குறிப்பாணை தராமல் தற்காலிகப் பணிநீக்கத்தை மூன்று மாதத்துக்கு மேல் நீட்டக் கூடாது என்றது அஜய் குமார் சவுத்ரி வழக்கு. துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள், தவிர்க்க முடியாவிட்டால் ஓராண்டுக்குள் முடிக்க முயல வேண்டும் என்றது பிரேம்நாத் பாலி வழக்கு.

இவற்றைக் காட்டி ஊழியர் உயர் நீதிமன்றத்தில் ‘ஆறு மாதத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும்’ என்ற உத்தரவை வாங்குகிறார். ஆறு மாதம் கடந்தும் விசாரணை முடியவில்லை. இப்போது அவமதிப்பு மனு போட்டால் என்ன ஆகும்? துறை அவகாசம் கேட்கும். அல்லது, இதுதான் வேடிக்கை, பத்து நாளில் விசாரணையை அவசர அவசரமாக முடித்து, ஊதிய உயர்வு நிறுத்தம் என்று ஒரு தண்டனை ஆணையை நீதிமன்றத்தில் நீட்டும். உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தாயிற்று. காலக்கெடு கடந்தால் குற்றச்சாட்டு தானாகவே விழுந்துவிடும் என்று மூல உத்தரவில் சொல்லியிருந்தால் கதை வேறு மாதிரி முடியும். சொல்லாத உத்தரவில் கெடு கடந்ததால் மட்டும் குறிப்பாணை சாவதில்லை. மறுபடியும் அந்தக் கடைசிப் பத்திதான்.

அதிகாரிகள் தரப்பையும் கேட்காமல் போவது நியாயமாகாது. நிதித்துறை ஒப்புதல் இல்லாமல் ஒரு பணியிடத்தைக்கூட உருவாக்க முடியாத இயக்குநரை, பணியிடம் ஏன் தரவில்லை என்று கூண்டில் நிறுத்துவதில் அர்த்தம் குறைவு. கோட்டையில் முடிவாக வேண்டிய விஷயத்துக்கு மாவட்ட அலுவலர் மதுரைக் கிளைக்கு ஐந்து முறை பயணம் போய் வருவார். அந்த ஐந்து நாளும் அவருடைய அலுவலகத்தில் வேலை நடக்காது. உத்தரப்பிரதேசத்தில் மாற்றல் ஆணையை ஏற்றுப் பணியில் சேராமல் ஆண்டுக்கணக்கில் இருந்த ஒரு மருத்துவ அலுவலரின் வழக்கில், எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் அழைக்கும் வழக்கத்தை 2021இல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. 2023 ஏப்ரலில் அலகாபாத் உயர் நீதிமன்றம், ஓய்வுபெற்ற நீதிபதிகளுக்கான வசதிகள் குறித்த வழக்கில் இரண்டு நிதித்துறை அதிகாரிகளைக் காவலில் எடுக்கச் சொன்னது. மறுநாளே உச்ச நீதிமன்றம் தலையிட்டது. 2024 ஜனவரி 3ஆம் தேதி தலைமை நீதிபதி சந்திரசூட் அமர்வு இதற்கு நடைமுறை விதிகளையே வகுத்துவிட்டது: நேரில் அழைப்பது விதிவிலக்காக இருக்கட்டும், அழைத்தாலும் காணொலிக்கு முதலிடம், அதிகாரியின் உடையைப் பற்றி, தோற்றத்தைப் பற்றிக் கருத்துச் சொல்ல வேண்டாம். உடை பற்றி உச்ச நீதிமன்றம் எழுதித் தர வேண்டிய நிலை வந்தது என்பதிலேயே கீழே என்ன நடந்துகொண்டிருந்தது என்பது தெரிகிறது.

ஆனால் அரசு அறிந்தே பிடிவாதம் பிடிக்கும்போது என்ன செய்வது? தமிழ்நாட்டுப் பொதுப்பணித் துறை உதவிப் பொறியாளர்களின் பணிமூப்பு வழக்கு இதற்குப் பாடப்புத்தகம் போன்றது. டி.என்.பி.எஸ்.சி. தேர்வில் வென்று வந்தவர்களுக்குள் யார் மூத்தவர்? மதிப்பெண் வரிசைப்படி பார்ப்பதா, பணி நியமனத்துக்கான இனச்சுழற்சியில் யார் எந்த இடத்தில் வந்தார் என்று பார்ப்பதா? அரசு சுழற்சியைப் பின்பற்றியது. சுழற்சி நியமனத்தில் இடஒதுக்கீட்டை உறுதிசெய்வதற்கானது, பணிமூப்பை நிர்ணயிக்க அதைப் பயன்படுத்தக் கூடாது என்று பிம்லேஷ் தன்வர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003இலேயே சொல்லியிருந்தது. அதன்படி தேர்வாணையத்தின் தரவரிசையில் பணிமூப்பை அமைக்கும்படி 2015இல் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது.

அதே ஆண்டு அரசு ஒரு புதிய சட்டத்தை நிறைவேற்றியது: தமிழ்நாடு அரசுப் பணியாளர்கள் (பணி நிபந்தனைகள்) சட்டம், 2016. தோற்றுப்போன முறையைச் சட்டமாக்கி, பின்தேதியிட்டு நடைமுறைக்குக் கொண்டுவந்தது. சட்டமன்றத்துக்குச் சட்டமியற்ற அதிகாரம் உண்டு. ஒரு தீர்ப்பின் அடிப்படையை மாற்றவும் செய்யலாம். அடிப்படையைத் தொடாமல் தீர்ப்பை மட்டும் செல்லாததாக்க முடியாது. 2019 நவம்பரில் உயர் நீதிமன்றம் அந்தச் சட்டத்தின் முக்கியப் பிரிவுகளை ரத்து செய்தது. பொறியாளர்கள் உச்ச நீதிமன்றத்தில் போட்ட அவமதிப்பு மனு 2017ஆம் ஆண்டு எண் கொண்டது. 2021 அக்டோபர் 1ஆம் தேதி தீர்ப்பு வந்தது. அவமதிப்பு நடந்திருக்கிறது என்று முடிவு செய்த நீதிமன்றம், முதலில் பட்டியலைத் திருத்தச் சொன்னது. நாலு ஆண்டு அவமதிப்பு மனுவும் அதற்கு முந்தைய வழக்குகளும் சேர்ந்து ஒரு பொறியாளரின் பணிக்காலத்தில் எவ்வளவு பகுதியைத் தின்றிருக்கும் என்று அவையோர் கணக்கிட்டுப் பார்க்கலாம்.

இதில் இன்னொரு தரப்பும் இருக்கிறது. சுழற்சி முறைப்படி மூத்தவராகி, செயற்பொறியாளர் வரை போனவர்கள் யாரையும் ஏமாற்றவில்லை. அரசு போட்ட பட்டியலில் ஏறியவர்கள். பட்டியல் திருத்தப்படும்போது பின்னுக்குப் போகிறவர்கள் அவர்கள்தான். அரசு 2003இலேயே திருத்தியிருந்தால் அவர்கள் அந்தப் படிகளில் ஏறியிருக்கவே மாட்டார்கள், இறங்கவும் வேண்டியிராது. அவமதிப்புத் தீர்ப்புகள் இந்த இரண்டாவது காயத்தைப் பற்றி அதிகம் பேசுவதில்லை.

அடிமட்டத்தில் இருப்பவர்களுக்கு இது இன்னும் மோசம். ஜம்மு காஷ்மீரில் தினக்கூலிகளின் பணிவரன்முறையைப் பரிசீலிக்கும்படி 2007இல் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. பதினாறு ஆண்டுகளுக்கும் மேலாக அதிகாரிகள் அதைத் தட்டிக்கழித்து, ஒரே காரணத்தைத் திரும்பத் திரும்ப எழுதி நிராகரித்தார்கள். 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்த நிர்வாகத்துக்கு 25,000 ரூபாய் செலவுத் தொகை விதித்து, அதைப் பொறுப்பான அதிகாரிகளிடமே வசூலிக்கலாம் என்றது. அவமதிப்பு வழக்கை வாரந்தோறும் விசாரிக்கவும் சொன்னது. தினக்கூலி ஒருவருக்கு வாரந்தோறும் விசாரணை நடக்க உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது.

அதே 2025 மே மாதம் வந்த இன்னொரு தீர்ப்பைப் பணியாளர் வழக்குகளைக் கவனிப்பவர்கள் தவறவிட்டிருக்க மாட்டார்கள். ஆந்திரத்தின் குண்டூர் மாவட்டத்தில் ஒரு வட்டாட்சியர், உயர் நீதிமன்றத் தடையை மீறி 2014இல் ஏழைகளின் குடிசைகளை இடித்தார். பிறகு துணை ஆட்சியராகப் பதவி உயர்வும் பெற்றார். உயர் நீதிமன்றம் அவருக்கு விதித்தது இரண்டு மாதச் சிறை. உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் கவாய், மாசி அமர்வு சிறைக்குப் பதிலாக அவரை மறுபடியும் வட்டாட்சியர் நிலைக்கு இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது. 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின் தண்டனைப் பட்டியலில் பதவியிறக்கம் இல்லை. அது ஒழுங்கு விதிகளில் இருக்கும் தண்டனை. இதைக் கீழ் நீதிமன்றங்கள் முன்மாதிரியாக எடுத்தாளத் தொடங்கினால், விசாரணை அலுவலரும் சாட்சியும் இல்லாமலே ஒழுங்கு நடவடிக்கை முடிந்துவிடும் ஆபத்து உண்டு. அந்த அதிகாரியின் மீது இரக்கம் வருவது கடினம், வராமல் இருப்பதே இயல்பு. ஆனாலும் அரசு ஊழியர் சங்கங்கள் இந்தத் தீர்ப்பைக் கொண்டாடுவதற்கு முன் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

அப்படியானால் நிராகரிப்பு ஆணையோடு நிற்கும் அந்த வருவாய்த் துறை உதவியாளருக்கு என்ன வழி? இரண்டாவது ரிட் மனுதான். ஆனால் அதில் மறுபடி பரிசீலனை கேட்கக் கூடாது. சென்னையிலிருந்து போன ஒரு பழைய வழக்கு அவருக்குத் துணை நிற்கும். தணிக்கை, கணக்குத் துறையில் பணியாற்றிய தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பு ஊழியர்கள், பதவி உயர்வுக்கான எஸ்.ஏ.எஸ். தேர்வில் தகுதி மதிப்பெண் தளர்வு கேட்டு வழக்குப் போட்டார்கள். கே.எஸ்.ஜெகந்நாதன் வழக்கு, 1986. அதிகாரி தன் விருப்புரிமையைப் பயன்படுத்தாமல் விட்டாலோ, தவறாகப் பயன்படுத்தினாலோ, அவர் பிறப்பித்திருக்க வேண்டிய ஆணையைத் தகுந்த வழக்கில் நீதிமன்றமே பிறப்பிக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் அதில் கூறியது. துறைக்கு ஒரு வாய்ப்புக் கொடுத்தாயிற்று, அது தவறாக முடிவு செய்தது என்பதற்கு நிராகரிப்பு ஆணையே சாட்சி. அந்த ஆணையை மனுவோடு இணைத்து, இன்ன ஆண்டுப் பட்டியலில் இன்னாருக்கு மேலே தன் பெயர் சேர வேண்டும், இந்தத் தேதியிலிருந்து சம்பள நிலுவை வேண்டும், இத்தனை வாரத்துக்குள் வேண்டும் என்று கேட்கலாம். அந்தத் தீர்ப்பு வந்த பிறகும் துறை அசையாவிட்டால் அவர் போடும் அவமதிப்பு மனுவுக்குப் பதிலாக நீட்ட இன்னொரு ஸ்பீக்கிங் ஆர்டர் இருக்காது. தீர்ப்பு நகல் கைக்கு வந்ததும் துறைக்குக் கொடுத்து ஒப்புகை வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். நீதிமன்றம் கொடுத்த கெடு முடியும் நாளிலிருந்து அந்த ஓராண்டு ஓடத் தொடங்கிவிடும்.